ஏ.கே. செட்டியாரும் காந்தி படமும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஆவணப்படங்களுக்கு வர்ணனை எழுதுவது என் பிழைப்பு. அதனால் கல்லூரிகளிலும் திரைப்படச் சங்கக் கூட்டங்களிலும் ஏ.கே. செட்டியாரைப் பற்றிப் பேச அவ்வப்போது கூப்பிடுவார்கள். பேசி முடித்ததும் வரும் கேள்விகள் ஊர் மாறினாலும் பெரும்பாலும் மாறுவதில்லை. கொஞ்சம் அவரைப் பற்றி, கொஞ்சம் இந்தத் தொழிலைப் பற்றி. மேடையில் அவசரமாகச் சொன்ன பதில்களை உட்கார்ந்து நிதானமாக எழுதிப் பார்த்தேன்.

யார் இந்த ஏ.கே. செட்டியார்?

அ. கருப்பன் செட்டியார். 1911இல் செட்டிநாட்டுக் கோட்டையூரில் பிறந்தவர், 1983இல் மறைந்தவர். அந்த ஊர்ப் பிள்ளைகள் கணக்கு எழுதப் பர்மாவுக்குக் கப்பலேறிய காலத்தில் இவரும் கப்பலேறினார். ஆனால் ரங்கூனில் இவர் பார்த்தது ‘தனவணிகன்’ பத்திரிகையின் ஆசிரியர் வேலை. பிறகு டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் போய்ப் புகைப்படக் கலை படித்தார். தமிழில் பயண இலக்கியம் என்று பேச்செடுத்தால் முதலில் வரும் பெயர் இவருடையதுதான். ‘உலகம் சுற்றும் தமிழன்’ என்பது இவர் புத்தகத்தின் பெயர். நாளடைவில் ஆளுக்கே பட்டப்பெயராகிவிட்டது. 1943இல் ‘குமரி மலர்’ என்ற மாத இதழைத் தொடங்கிக் கடைசிவரை அதனோடுதான் வாழ்ந்தார்.

இத்தனைக்கும் நடுவில் மகாத்மா காந்தியைப் பற்றி முழுநீள ஆவணப்படம் ஒன்றை எடுத்து 1940இல் வெளியிட்டார். முதல் முழுநீளக் காந்தி ஆவணப்படம் என்று பொதுவாக அதைத்தான் சொல்வார்கள். அப்போது அவருக்கு வயது 28.

எழுத்தாளருக்குப் படமெடுக்கும் யோசனை எப்படி வந்தது?

1937 அக்டோபர் 2. நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குப் போய்க்கொண்டிருந்த ‘சமாரியா’ என்ற கப்பல். காந்தியின் பிறந்தநாள் அன்று நடுக்கடலில் அந்த எண்ணம் உதித்தது. இதைக் கேட்டதும் கூட்டத்தில் யாராவது சிரிப்பார்கள், சினிமாக் கதை மாதிரி இருக்கிறதே என்று. ஆனால் யோசனை வருவதில் என்ன அதிசயம் இருக்கிறது? கப்பலில் போகிறவனுக்கு ஆயிரம் யோசனை வரும், கரை இறங்கியதும் காற்றில் போகும். இவருக்குப் போகவில்லை, அடுத்த மூன்றாண்டுகள் அதற்கே சரியாகிவிட்டன.

படம் முழுவதையும் அவரே எடுத்தாரா?

இல்லை. பெரும்பகுதி மற்றவர்கள் எடுத்தது. 30 ஆண்டுகளில் 100 படப்பிடிப்பாளர்கள் பல நாடுகளில் எடுத்த துண்டுகளைத் தேடிச் சேர்த்த படம் இது. சில இடங்களில் புதிதாகவும் எடுத்துச் சேர்த்தார்கள். பாரிசில் பயின்று வந்த பம்பாய்ப் படப்பிடிப்பாளர் டாக்டர் பி.வி. பதிக்கும் இந்தப் பணியில் பங்கு உண்டு.

‘அப்படியென்றால் ஒட்டுவேலைதானே?’ என்று ஒரு மாணவர் கேட்டார். ஒட்டுவேலைதான், ஒட்ட வேண்டியது கையில் இருந்தால். 1937இல் காந்தி நடமாடும் காட்சி யாரிடம் இருக்கிறது என்று சொல்லும் பட்டியல் எங்கும் கிடையாது. செய்திப்பட நிறுவனங்கள் லண்டனிலும் பாரிசிலும் நியூயார்க்கிலும் இருந்தன. வாரம் இரண்டு முறை புதிய செய்திச்சுருள் விடுவது அவர்கள் தொழில். போன வாரச் சுருள் அவர்களுக்குப் பழைய செய்தித்தாள், கிடங்கில் கிடக்கும். அதை வெளியே எடுக்கச் சொல்லிக் கேட்பவர் ஊர்பேர் தெரியாத ஒரு தமிழ் இளைஞர், கேட்பதோ பிரிட்டிஷ் அரசை எதிர்க்கும் ஒருவரின் படம். எந்த வாசலில் என்ன மரியாதை கிடைத்திருக்கும் என்று யூகித்துக்கொள்ளலாம்.

கடிதம் எழுதுவது, பதில் வராவிட்டால் நேரில் போவது, போன இடத்தில் இல்லையென்றால் வேறு யாரிடம் இருக்கும் என்று கேட்டுக்கொண்டு வருவது: இதெல்லாம் கேமராக்காரரின் திறமையில் சேராது. பத்திரிகை நடத்தியவருக்கு, ஊர் ஊராகப் போய் எழுதியவருக்கு வரும் பழக்கம். இந்தப் படம் பாதிக்கு மேல் பேனாவால் எடுத்த படம் என்று நான் சொல்வது அதனால்தான்.

அப்படித் தேடிப்போய் என்னதான் கிடைத்தது?

1912இல் காங்கிரஸ் தலைவர் கோகலே தென்னாப்பிரிக்கா போயிருந்தார். அப்போது எடுத்த காட்சியில் காந்தியும் இருக்கிறார். இந்தியாவில் மகாத்மா ஆவதற்கு முந்தைய காந்தி! அந்தத் துண்டு கைக்கு வந்த நாளில் செட்டியார் தூங்கியிருக்க மாட்டார் என்று எனக்குத் தோன்றும்.

காந்தி 1904இல் தொடங்கிய ஃபீனிக்ஸ் குடியிருப்பும் 1910இல் தொடங்கிய டால்ஸ்டாய் பண்ணையும் இருந்த நாடு அது. அந்த மண்ணை நேரில் பார்க்கவே செட்டியார் அங்கே கப்பலேறினார். 1931ஆம் ஆண்டு தனி அதிர்ஷ்டம். அந்த ஏப்ரலில் குஜராத்தின் போர்சாதில் அமெரிக்கச் செய்திப்பட நிறுவனமான ஃபாக்ஸ் மூவிடோன்காரர்கள் காந்தியைப் பேசும் படமாகவே எடுத்தார்கள். அதே ஆண்டு வட்டமேசை மாநாட்டுக்குப் போனபோது லண்டன் கிங்ஸ்லி ஹாலில் தங்கியது, லங்காஷயர் ஆலைத் தொழிலாளர்கள் நடுவே நின்றது என்று ஐரோப்பியக் கேமராக்கள் அவரைத் துரத்தித் துரத்திப் பிடித்தன. இதெல்லாம் உலகில் எங்கோ இருக்கிறது என்பது வரைதான் யாருக்கும் தெரியும். எந்த அலமாரியில் என்பதுதான் கேள்வி.

50,000 அடி, 12,000 அடி என்கிறார்களே, அது எவ்வளவு நேரம்?

சேர்ந்தது 50,000 அடி, படத்தில் நின்றது 12,000 அடி என்பது அவர் தரப்புக் கணக்கு. இதற்காக உலகம் முழுக்கச் சுற்றிய தூரம் 1 லட்சம் மைல். 35 மில்லிமீட்டர் பிலிமில் அடிக்கு 16 சட்டகம், அதாவது 16 தனிப்படம் (ஃபிரேம்). பேசும்படம் நொடிக்கு 24 சட்டகம் ஓடும். நிமிடத்துக்கு 90 அடி என்று வருகிறது. 50,000 அடி என்றால் ஒன்பதேகால் மணி நேரம், 12,000 அடி சுமார் இரண்டேகால் மணி நேரம்.

இன்று ஒரு கல்யாண வீடியோவில் ஒன்பது மணி நேரம் எடுத்துவிடுகிறார்கள். இவர் மூன்று ஆண்டில் சேர்த்தது அவ்வளவுதான். அதிலும் நான்கில் மூன்று பங்கை வெட்டிப் போட வேண்டியிருந்தது. ரீலுக்கு ரீல் அலைந்து சேர்த்தவரே கத்தரிக்கோலையும் எடுப்பது சாதாரணக் காரியம் இல்லை. பத்து நிமிடத் துண்டு வாங்க ஆறு மாதம் காத்திருந்தவன் என்ற முறையில் சொல்கிறேன்: அதில் எட்டு நிமிடம் வேண்டாம் என்று எடிட்டர் சொல்லும்போது அவரை அடிக்கத் தோன்றும்.

பணம்?

‘டாக்குமெண்டரி பிலிம்ஸ் லிமிடெட்’ என்று ஒரு நிறுவனம் தொடங்கித்தான் வேலையில் இறங்கினார். நகரத்தார் குடும்பத்தில் பிறந்தவராயிற்றே, பெட்டி பெட்டியாக இருந்திருக்கும் என்று நினைக்க வேண்டாம். பணக்காரர்கள் பிறந்த ஊரில் பிறந்தவர், அவ்வளவுதான்.

காந்தி என்ன சொன்னார்? உதவி செய்தாரா?

காந்திக்கு சினிமா பிடிக்காது. 1927இல் அரசு அமைத்த சினிமா விசாரணைக் குழு, சென்னை வழக்கறிஞர் டி. ரங்காச்சாரியார் தலைமையில் அமைந்தது, காந்தியிடமும் கருத்துக் கேட்டது. தான் சினிமாவுக்கே போனதில்லை, ஆனால் அது செய்த கேடு கண்கூடு என்கிற தொனியில் பதில் அனுப்பிவிட்டார். சினிமாவை வேண்டாம் என்றவரைப் பற்றி சினிமா எடுக்க ஒருவர் 1 லட்சம் மைல் போனார் என்பதில் ஒரு வேடிக்கை இருக்கத்தான் செய்கிறது.

அரசாங்கம் எப்படி விட்டது?

படம் தமிழ் வர்ணனையோடு வெளியானது 1940 ஆகஸ்ட் 23. அந்தக் காலத்தை நினைத்துப் பார்க்க வேண்டும். 1939 செப்டம்பரில் போர் தொடங்கியது. அக்டோபரில் ராஜாஜியின் காங்கிரஸ் மந்திரிசபை விலகி, சென்னை மாகாணம் கவர்னர் கைக்குப் போனது. 1939இல் வந்த, விடுதலைப் போராட்டத்தைப் பேசிய ‘தியாகபூமி’ படம் ஓடிக்கொண்டிருக்கும்போதே தடை செய்யப்பட்டது. அதுவும் கற்பனைக் கதை. 1930இல் தண்டி யாத்திரையைக் காட்டிய செய்திப்படங்களையே மாகாண அரசுகள் தடை செய்திருந்தன. இப்படிப்பட்ட நேரத்தில், கற்பனை ஏதும் கலக்காத காந்தியைத் திரைக்குக் கொண்டுவந்தார். டி.கே. பட்டம்மாளின் பாட்டும் அதில் இருந்தது. பிறகு தெலுங்கு வர்ணனையோடும் படம் வந்தது.

ஆனால் போர்க்கால நெருக்கடியில் நெடுநாள் ஓட வழியில்லை. 1947இல் சுதந்திரத்தை ஒட்டி இந்தி வர்ணனையோடு டில்லியில் திரையிட்டார்கள். 1953இல் அமெரிக்காவில் ஆங்கில வடிவம் ஒன்று தயாரானது, அது சுருக்கப்பட்டது.

அந்தப் படத்தை இப்போது எங்கே பார்க்கலாம்?

1940இல் தமிழில் வந்த முழுப்படத்தைப் பார்க்க முடியாது. பிரதி கிடைக்கவில்லை. ஆங்கில வடிவத்தின் பிரதி ஒன்று அமெரிக்கப் பல்கலைக்கழகம் ஒன்றில் இருப்பது இந்த நூற்றாண்டின் தொடக்கத்தில்தான் தெரியவந்தது.

இந்தப் பதிலைச் சொன்னதும் கூட்டம் ஒரு நிமிடம் பேசாமல் இருக்கும். ஊர் ஊராகப் பார்த்திருக்கிறேன்.

எப்படித் தொலைந்தது? யாருடைய தவறு?

ஆளைத் தேடுவதைவிட பிலிமைப் பாருங்கள். அந்தக் காலத்துப் பிலிம் நைட்ரேட். பற்றிக்கொண்டால் தண்ணீரில் அமுக்கினாலும் அணையாது. எரிவதற்கு வேண்டிய ஆக்சிஜன் அதற்குள்ளேயே இருக்கிறது. தீயே படாவிட்டாலும் நம் ஊர் வெயிலிலும் ஈரக்காற்றிலும் தானாகவே அழியும். முதலில் படம் மங்கும், பிறகு பிசுபிசுக்கும், சுருள் ஒன்றோடொன்று ஒட்டிக் கட்டியாகும், கடைசியில் பழுப்புத் தூள். போதாதற்கு, பழைய பிலிமிலிருந்து வெள்ளியைப் பிரித்தெடுக்க எடைக்குப் போட்டதும் நம் நாட்டில் சகஜமாக நடந்திருக்கிறது. புனேயில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் வந்ததே 1964இல்தான். அதற்குள் பேசாப்படக் காலம் ஏறக்குறைய முழுவதும் போய்விட்டது.

பழைய படங்களில் காந்தி ஓடுவது போலத் தெரிவது ஏன்?

பேசாப்படக் கேமராக்கள் நொடிக்கு 16 முதல் 18 சட்டகம்தான் எடுத்தன. அதை 24இல் ஓட்டினால் எல்லோரும் பொம்மலாட்டம் போலத் துள்ளுவார்கள். ஒவ்வொரு இரண்டாவது சட்டகத்தையும் இரண்டு முறை அச்சிட்டால் 16 என்பது 24 ஆகி, நடை இயல்பாகிவிடும். இப்போது கணினி அதைச் செய்துவிடுகிறது.

ஆனால் காந்தி விஷயத்தில் ஒரு சிக்கல்: அவர் உண்மையிலேயே வேகமாக நடப்பவர். தண்டிக்குப் போனபோது வயது 61 நடந்துகொண்டிருந்தது, 24 நாளில் சுமார் 240 மைல், கூட வந்த இளைஞர்கள் திணறினார்கள். வேகத்தைச் சரிசெய்கிறேன் என்று அவர் நடையையே கெடுத்துவிட்ட படங்களும் உண்டு.

வரலாற்று ஆவணப்படத்தில் எழுத்தாளருக்கு என்ன வேலை? படம்தான் பேசுகிறதே.

படம் ‘இவர் நடக்கிறார்’ என்று மட்டும்தான் சொல்லும். எங்கே, எதற்கு, முந்தைய நாள் என்ன நடந்தது என்று சொல்லாது. அதைச் சொல்ல வர்ணனை வேண்டும். சொல்லிக்கொண்டே இருந்தால் படத்தை யாரும் பார்க்க மாட்டார்கள். என் கணக்கில் தமிழில் நிமிடத்துக்கு 80, 90 சொல்லுக்கு மேல் போனால் குரல் கொடுப்பவர் மூச்சுவிட முடியாது. நம் சொற்கள் நீளம். ‘வந்துகொண்டிருந்தவர்களுக்கும்’ என்பது ஒரே சொல்தான், ஆனால் அதைச் சொல்லி முடிப்பதற்குள் ஷாட் மாறிவிடும்.

புதிதாக எழுத வருகிறவர்கள் செய்யும் தவறு, திரையில் தெரிவதையே வர்ணிப்பது. கூட்டம் தெரியும்போது ‘பெருந்திரளான மக்கள் கூடினர்’ என்று எழுதுவார்கள். அந்த இடத்தில் ‘அன்று காலை வரை கூட்டத்துக்கு அனுமதி இல்லை’ என்று எழுதினால் அதே கூட்டம் வேறு கூட்டமாகிவிடும். அந்தத் தகவல் உண்மையாக இருக்க வேண்டும் என்பதைச் சொல்ல வேண்டியதில்லை.

சொல்ல வேண்டியதில்லை என்றேன், ஆனால் நானே மாட்டிக்கொண்டிருக்கிறேன். ஒரு காப்பகத்திலிருந்து வந்த சுருளின் உறையில் ‘1930’ என்று எழுதியிருந்தது. நம்பி, உப்பு சத்தியாகிரகம் என்று வர்ணனை எழுதினேன். முதல் திரையிடலில் பின்வரிசையில் இருந்த ஓய்வுபெற்ற தமிழாசிரியர் ஒருவர் எழுந்து, ‘தம்பி, அந்தச் சுவரில் ஒட்டியிருக்கிற சினிமா போஸ்டரைப் பாருங்கள், அது 1938க்குப் பிறகு வந்த படமாயிற்றே’ என்றார். நாங்கள் நாலு பேர் அந்தக் காட்சியை நாற்பது முறை பார்த்திருப்போம், எல்லோர் கண்ணும் ஊர்வலத்திலேயே இருந்தது. அன்றிலிருந்து கூட்டத்தை விட்டுவிட்டுச் சுவரைத்தான் முதலில் பார்க்கிறேன். கடைப் பலகை, வண்டியின் நம்பர், பெண்கள் ரவிக்கையின் கை நீளம்: தேதி அங்கேதான் இருக்கும்.

காட்சி கிடைக்காத இடத்தில் நடிகர்களை வைத்து எடுக்கலாமா?

எடுக்கிறார்கள். பார்ப்பவருக்கு அது நடிப்பு என்று தெரிந்தால் எனக்கு ஆட்சேபம் இல்லை. பழைய படம் போலக் கீறல் போட்டு, கறுப்பு வெள்ளையாக்கி, அசல் காட்சிகளுக்கு நடுவே செருகுவதைத்தான் நான் ஏற்க மாட்டேன். அப்படி ஒரு வேலையிலிருந்து விலகியும் இருக்கிறேன், சம்பளப் பாக்கி இன்னும் வரவில்லை. பத்தாண்டு கழித்து வேறொருவர் அந்தத் துண்டை எடுத்து அசல் என்று தன் படத்தில் போடுவார். இப்போது கணினியே முகங்களை உண்டாக்கிக் கொடுக்கும் காலம், இந்தப் பயம் பல மடங்காகிவிட்டது.

காட்சி இல்லையா, வெற்று நிலத்தைக் காட்டுங்கள். ஒரு கடிதத்தைக் காட்டுங்கள்.

பழைய காட்சிகளைப் பயன்படுத்த அனுமதி வேண்டுமா?

இந்தியச் சட்டப்படி திரைப்படத்துக்குக் காப்புரிமை, வெளியான ஆண்டு முடிந்து 60 ஆண்டு. எழுத்துக்கு, எழுதியவர் மறைந்து 60 ஆண்டு. ஆனால் காப்புரிமை முடிந்துவிட்டது என்பதற்காகப் பிரதி வைத்திருப்பவர் இலவசமாகத் தர வேண்டும் என்று சட்டம் இல்லை. நகல் எடுக்கவும் ஸ்கேன் செய்யவும் நொடிக் கணக்கில் கட்டணம் கேட்பார்கள். வெளிநாட்டு நிறுவனங்களின் கட்டணத்தைப் பார்த்தால், பட்ஜெட்டில் பாதி அங்கேயே போய்விடும் என்பது புரியும். தியேட்டரில் திரையிடத் தணிக்கைச் சான்றிதழும் வேண்டும், ஆவணப்படம் என்பதற்காக விலக்கு கிடையாது.

தமிழ்நாட்டில் தேடுவதற்கு எங்கே தொடங்குவது?

சென்னையில் எழும்பூர் ஆவணக் காப்பகமும் தரமணி ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகமும். முன்னதில் அரசாங்கம் என்ன நினைத்தது என்று கிடைக்கும், எந்தப் படத்தை ஏன் தடை செய்தார்கள் என்பது உட்பட. பின்னதில் ஜனங்கள் எதைப் படித்தார்கள், எந்த நாடகத்துக்குப் போனார்கள் என்பது நோட்டீஸ், பாட்டுப்புத்தகம் சகிதம் கிடைக்கும். அந்த நூலகத்தின் மூலச் சேகரிப்பு கோட்டையூரில் ரோஜா முத்தையா செட்டியார் வீட்டில் சேர்ந்தது. ஏ.கே. செட்டியார் பிறந்த அதே கோட்டையூர். சேர்த்து வைப்பது அந்த ஊர்த் தண்ணீரில் இருக்கிறதோ என்னவோ! புதுக்கோட்டை ஞானாலயா நூலகத்தையும் விட்டுவிடாதீர்கள்.

இதை மட்டும் நம்பிப் பிழைக்க முடியுமா?

என்னைக் கேட்டால், முடியாது. விளம்பரப் படம், டப்பிங் வசனம், மொழிபெயர்ப்பு என்று பக்கத்தில் ஒன்று வேண்டும். செட்டியாருக்குக்கூடப் படத் தொழில் தொடரவில்லை. அடுத்த 40 ஆண்டு பத்திரிகையும் பயணமும்தான்.

அவர் ஒரே படத்தோடு நிறுத்திக்கொண்டது ஏன்?

அவரே அதை ஒரு பெரிய இழப்பாகச் சொல்லிக்கொண்ட மாதிரி எனக்குத் தெரியவில்லை. ஆனால் பிறகு செய்த வேலையைப் பார்த்தால் அவர் நிறுத்தவே இல்லை என்று தோன்றும். ‘குமரி மலர்’ பழைய பத்திரிகைகளிலிருந்து மறந்துபோன கட்டுரைகளை எடுத்து மறுபடி அச்சிட்டுக்கொண்டே இருந்தது. 1968இல் தமிழ்நாட்டைப் பற்றிப் பிறர் எழுதிய பழைய பயணக் கட்டுரைகளைத் தேடித் தொகுத்துப் பெரிய புத்தகமாகவே கொண்டுவந்தார். மற்றவர் எடுத்த துண்டைத் தேடு, தேதி பார், வரிசைப்படுத்து, தன் பெயரைச் சின்னதாகப் போட்டுக்கொள். காந்தி படத்துக்குச் செய்ததும் இதுவேதான். பிலிமுக்குப் பதில் காகிதம்.

முதலில் எதைப் படிக்கலாம்?

‘அண்ணல் அடிச்சுவட்டில்’. காந்தி படத்துக்காக அலைந்த கதையை முதுமையில் ‘குமரி மலரில்’ எழுதினார். அவர் மறைந்து 20 ஆண்டு கழித்து, 2003இல், ஆ.இரா. வேங்கடாசலபதியின் பதிப்பில் புத்தகமாக வந்தது. ஆங்கிலத்திலும் இருக்கிறது. படம் கிடைக்காத நிலையில், படத்தில் என்ன இருந்தது, யார் கொடுத்தார்கள், யார் கொடுக்கவில்லை என்பதற்கு இதைத்தான் புரட்ட வேண்டியிருக்கிறது.

அலட்டல் இல்லாத நடை. நாமாக இருந்தால் ஒரு பக்கத்துக்குப் புலம்பியிருப்போம் என்ற இடத்தை இரண்டு வரியில் கடந்துவிட்டு அடுத்த கப்பலைப் பிடிக்கப் போய்விடுவார். முதல் தடவை கதைக்காகப் படியுங்கள். இரண்டாம் தடவை ஒரு பென்சிலை வைத்துக்கொண்டு, யாரிடம் போனார், அவர் அடுத்து யாரைக் கைகாட்டினார் என்று ஓரத்தில் குறித்துக்கொண்டே வாருங்கள். என் பிரதியில் ஓரம் முழுக்கக் கிறுக்கல்தான். யாராவது இரவல் கேட்டால் புதிதாக ஒன்று வாங்கித் தருகிறேன்.